ஒரு தோல் கூடுதல்

எட்டுக்கால் பூச்சி வந்து நின்றாலும் முகம் சுளிக்காமல் நான்கு ஜோடி தைத்துக் கொடுப்பார் எங்கள் தெரு ஷூக்காரர். நான் குறைத்துத்தான் சொல்கிறேன். அப்படிப்பட்டவருக்கு ஒரே ஒரு இடது காலுக்குத் தைக்கும்போது மட்டும் அளவு கூடிவிடும்.

அது அவருடைய சிநேகிதர் நெட்டையின் கால். பள்ளிக்கூடத்தில் இருவரும் ஒரே பெஞ்சு. ஒருநாள் மதிலுக்கு அப்பால் விழுந்த பந்தை எடுக்க நெட்டை, அன்று பையனாயிருந்த இந்த ஷூக்காரன் தோளில் ஏறினான். அன்று காலைதான் புதிதாக வந்த பையனோடு சேர்ந்து இவனைப் பார்த்துச் சிரித்திருந்தான். அந்தச் சிரிப்பு இன்னும் குத்திக்கொண்டிருந்தது. கொஞ்சம் விழட்டுமே என்று இவன் தோளை விலக்கினான்.

நெட்டையின் இடது கால் எலும்பு முறிந்தது.

"நான்தான் வழுக்கிட்டேன், அவன் பிடிக்கத்தான் பார்த்தான்" என்று நெட்டை எல்லோரிடமும் சொன்னான். அதை நம்பியே சொன்னான். இவன் வாயைத் திறக்கவில்லை.

கால் குட்டையாகக் கூடியது. பின்னாளில் சினிமா கொட்டகையில் டிக்கெட் கிழிக்கப் போன நெட்டைக்கு, அடியில் தோல் அடுக்கி உயர்த்திய இடது ஷூவை ஷூக்காரரே தைத்தார். போதாதோ, போதாதோ என்று ஒவ்வொரு புது ஷூவிலும் முந்தையதைவிட ஒரு தோலை அளவுக்கு மேல் ஒட்டிவிடுவார்.

"ஷூ தைக்கிறீங்களா, மாடி கட்டுறீங்களா?" என்பாள் மனைவி.

கடைசியில் நெட்டை வலது பக்கம் சாய்ந்தபடி கடைக்குள் வந்தார்.

"அடேய், இப்ப என் நல்ல கால் குட்டையாயிடுச்சுடா! படம் பார்க்க வர்ற பொடிசெல்லாம் 'தாத்தா, கப்பல்ல நிக்கிறீங்களா'ன்னு கேக்குது. உனக்கா அளவு தெரியாது?"

"தெரியும்."

"அப்புறம் ஏன்டா?"

"அன்னிக்கு நீ வழுக்கலடா. நான்தான் நகர்ந்தேன். வேணும்னே."

நெட்டையின் சிரிப்பு பாதியில் நின்றது. ஸ்டூலில் உட்கார்ந்து ஷூவைக் கழற்றினார்.

"எங்கம்மா சாகுற வரைக்கும் உன்னைத் தங்கமான பிள்ளைன்னாங்க" என்றார். "முதல்ல இதைக் குறை. அப்புறம் இதாலயே உன்னை அடிக்கிறதா வேணாமான்னு சொல்றேன்."

ஷூக்காரர் கூடுதலாக ஒட்டிய தோல்களை மட்டும் ஒவ்வொன்றாக உரித்தார். நெட்டை போட்டுக்கொண்டு எழுந்தார். சாய்வு போயிருந்தது. நேராக நின்று நேராகப் பார்த்தார். ஷூக்காரருக்குத் தலை நிமிரவில்லை.

"அடிச்சுட்டுப் போடா."

"அவ்வளவு சுலபமா உன்னை விட்டுருவேனா?"

படியிறங்கிய நெட்டை, எப்போதும் சொல்லும் "வரேன்டா"வைச் சொல்லவில்லை.