மூணு மூட்டை மல்லாட்டை, ரெண்டு மூட்டை நெல்லு

பெயிலானவர்களைப் பாஸாக்குவது என் தொழில். தேறினால் அவர்கள் சாமர்த்தியம், தவறினால் நம் தலை, டுட்டோரியல் வாத்தியார்களே, உங்களுக்குத் தெரியாததா!

அஞ்சு மூட்டை

அறுபதுகளில் செஞ்சிக் கடைத்தெருவில், ஒரு மல்லாட்டை மண்டியின், அதாவது வேர்க்கடலை மண்டியின் மாடியில் வகுப்பு நடத்தினேன். பக்கத்து ஊரான அனந்தபுரத்திலிருந்து ஆரோக்கியமேரி பஸ்ஸில் வருவார். வயது இருபத்தொன்பது, என்னைவிட நாலு வயது மூத்தவர். எஸ்.எஸ்.எல்.சி.யில் இரண்டு தடவை கணக்கில் மட்டும் போயிருந்தது. இந்தத் தடவை தேறினால் நர்ஸ் டிரெய்னிங். தவறினால் முப்பது தாண்டிவிடும், சேர்க்க மாட்டார்கள்.

முதல் நாளே 3x + 2y = 5xy என்று எழுதினார். ஒத்த உறுப்புகளைத்தான் கூட்டலாம், மூணு மூட்டை மல்லாட்டையையும் ரெண்டு மூட்டை நெல்லையும் கூட்ட முடியுமா என்று மடக்கினேன். அவர் அசரவில்லை.

"ஏன் முடியாது? மூட்டை தூக்குறவரு அஞ்சு மூட்டைன்னுதான சார் கூலி கேக்குறாரு?"

தோலும் பருப்பும்

அடுத்த வாரம் 4x + 2x² = 6x³. எனக்குக் கோபம் தலைக்கேறியது. நான் போட்ட சத்தத்தில் கீழேயிருந்து மண்டிக்கார நைனார் மேலே வந்துவிட்டார். விஷயத்தைக் கேட்டுவிட்டு, "தோலோட இருக்கிறதும் மல்லாட்டைதான், உரிச்ச பருப்பும் மல்லாட்டைதான். ரெண்டையும் ஒண்ணா கொட்டினு வந்தா நான் வெல சொல்ல மாட்டேன்" என்றார்.

ஆரோக்கியமேரி எழுதியதை அழித்தார். x-க்குக் கீழே ஒரு கோடு, x²-க்குக் கீழே இரண்டு கோடு போட்டார். அன்றிலிருந்து கோடு போடாமல் ஒரு கணக்கையும் தொட்டதில்லை.

"இத மொதல்லியே சொல்றதுக்கு இன்னா சார்?"

ஒன்றுமே மிஞ்சவில்லை

பரீட்சை முடிந்ததும் கேள்வித்தாளோடு நேரே மாடிக்கு வந்தார். 5x + 3y − 2x − (3x + 3y). சுருக்க வேண்டும்.

"நாலு வாட்டி போட்டேன், நாலு வாட்டியும் சைபர்தான் வந்துச்சு. அதையே எழுதிட்டேன். வெளிய எல்லாரும் 6y-ன்றாங்க சார்."

கரும்பலகையில் போட்டேன். எனக்கும் 6y. அவர் முகத்தைப் பார்க்கவே எனக்குத் துணிச்சல் இல்லை. அவரோ சாக்பீஸை வாங்கி, ஒத்த உறுப்புகளுக்கெல்லாம் நிதானமாகக் கோடு போட்டுக்கொண்டே வந்து, அடைப்புக்குறி முன்னால் நின்றார்.

"வெளிய நிக்கிற மைனஸ் உள்ள இருக்கிற ரெண்டு பேருக்குந்தான சார்? நீங்க ஒருத்தருக்கு மட்டும் குடுத்துட்டீங்க."

ரிசல்ட் வந்து அவர் நர்ஸ் டிரெய்னிங்குக்குப் பெட்டியோடு பஸ் ஏறிவிட்டார். அடைப்புக்குறியைக் கண்டால் வாத்தியாராகிய நான்தான் இன்றைக்கும் நாலு வாட்டி போட்டுப் பார்க்கிறேன்.