நோன்பு வீட்டில் இரண்டு கிளாஸ் தேத்தண்ணி

அன்பான சகோதரிகளே, கணவரை இழந்து நான் இத்தா இருந்த எழுபத்தோராவது நாள், பகல் பதினொன்று முப்பத்தைந்துக்கு, எங்கள் வீட்டின் பின்கதவை யாரோ இரண்டு கைகளாலும் அறைந்தார்கள். 1977 ஆகஸ்ட் மாதம். ரமழானின் முதல் வெள்ளிக்கிழமை. நேரத்தை ஞாபகத்திலிருந்து எழுதவில்லை. அன்றே டயரியில் குறித்து வைத்திருக்கிறேன். இரண்டு வருடம் கழிந்தும் அந்தப் பக்கத்தைத் திறந்தால் என் நெஞ்சு படபடக்கிறது. அது பயத்தினால் அல்ல, சந்தோஷத்தினால். அல்லாஹ் அன்று எங்கள் வீட்டில் செய்ததை நான் எவ்வளவு காலம் எனக்குள்ளேயே வைத்திருப்பது?

முதலில் என் நிலைமையைச் சொல்லிவிடுகிறேன். மாத்தளை நகரில் ஒரு பாடசாலையில் ஆசிரியை. வயது நாற்பத்தாறு. ஜூன் மாதம் என் கணவர் கடையில் மிளகு நிறுத்துக்கொண்டிருக்கும்போதே சாய்ந்து மௌத்தானார். ஒரு வார்த்தை பேசவில்லை. அன்றிலிருந்து நான்கு மாதமும் பத்து நாளும் வெள்ளை உடுத்து, அந்நிய ஆண்களின் கண்ணில் படாமல், நடு அறையில் திரை போட்டு உட்கார்ந்தேன். மகள் கல்யாணமாகித் தூரத்தில் இருக்கிறாள். வீட்டில் நானும், கணவரின் மூத்த சகோதரி ஸுபைதா மதினியும் மட்டும்.

மதினியைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மார்க்க விஷயத்தில் அவரைப் போல் கண்டிப்பான பெண்ணை எங்கள் தெருவிலே காண முடியாது. என் இத்தாவை என்னைவிட அவர்தான் இருந்தார் என்று சொல்லலாம். வாசலில் கதிரை போட்டுக் காவல். பால்காரன் குரல் கொடுத்தால்கூட, "மெதுவாப் பேசு, உள்ள இத்தா!" என்று அதட்டுவார். கர்ப்பிணிப் பெண்களைக்கூட என் அறைக்குள் விடமாட்டார். வயிற்றில் ஆண்பிள்ளை இருந்தால் என்ன செய்வது என்பது அவர் கவலை. எங்கள் ஊரில் அப்படி ஒரு பேச்சு இருக்கிறது.

எனக்கோ அந்த எழுபது நாளில் மனம் வற்றிப்போயிருந்தது. ஐந்து நேரமும் தொழுதேன். ஆனால் துஆவுக்குக் கை ஏந்தினால் ஒரே கேள்விதான் வரும். யா அல்லாஹ், அவரை எடுத்துக்கொண்டாய், என்னை எதற்கு வைத்திருக்கிறாய்? நான்கு சுவருக்குள் இருக்கும் என்னால் யாருக்கு என்ன பிரயோசனம்? இதையே தினமும் கேட்டேன். பதிலே வரவில்லை.

தேர்தல் முடிந்து ஒரு மாதம் ஆகவில்லை. தமிழர்களைத் தேடித் தேடி அடிக்கிறார்கள், வீடுகளைக் கொளுத்துகிறார்கள் என்ற செய்தி இரத்தோட்டைப் பக்கமிருந்து பஸ்ஸில் வந்தவர்கள் மூலம் வந்துகொண்டே இருந்தது. அன்று காலை எங்கள் தெருவுக்கு அப்பாலும் புகை தெரிந்ததாக மதினி சொன்னார்.

கதவைத் தட்டியது தையல்கார முத்தையாவும் அவருடைய மனைவி லெட்சுமியும். எங்கள் வீட்டுக்குப் பின்னால் வரிசையாக இருந்த லைன் வீடுகளில் ஒன்றில் வாடகைக்கு இருந்தவர்கள். லெட்சுமிக்கு ஏழாம் மாதம். நான் அறைக்குள், திரைக்கு இந்தப் பக்கம். எல்லாம் காதால் கேட்டதுதான்.

"அம்மா, சந்தியில இருக்க கடையெல்லாம் அடிச்சு நொறுக்கிட்டாங்க. இப்ப எங்க லைனுக்கு வாராங்க. இவள மட்டும் உள்ள வச்சுக்கங்க, நான் எங்கயாச்சும் ஓடிர்றேன்" என்றார் முத்தையா.

"எங்க ஓடப் போறீங்க? பேசாம உக்காருங்க ரெண்டு பேரும்" என்றார் மதினி. குரல் கடுமை. ஆனால் கதவைத் தாழ்ப்பாள் போட்ட சத்தமும் கூடவே கேட்டது.

லெட்சுமி முந்தின நாளிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை என்று தெரிந்தது. நான் திரைக்குள்ளிருந்து, "மதினி, அவங்களுக்கு ஏதாவது குடிக்கக் குடுங்க" என்றேன். அவர் முணுமுணுத்துக்கொண்டே அடுப்பைப் பற்றவைத்தார். நோன்புப் பகலில் எங்கள் வீட்டில் அடுப்பு எரிந்தது அன்றுதான் முதல் தடவை. ஹாலில் மேசைமேல் இரண்டு கிளாஸ் தேத்தண்ணி, கொஞ்சம் பாண்.

"மதினி, அவங்கள என்ட அறைக்குள்ள விடுங்க" என்றேன்.

"ஒனக்கு மூளை பெரண்டு போச்சா? இத்தா ரூம்புக்குள்ள ஆம்புளையா? அவ வேற வகுத்துப் புள்ளக்காரி! நாளைக்கு ஊரு என்ன பேசும்? ஏலாது, ஏலவே ஏலாது."

"அப்ப வேற எங்க வைக்கிறது? சொல்லுங்க."

அவர் அறை வாசலை மறித்து நின்றார், வழிவிடவில்லை. இப்படியே வாக்குவாதத்தில் நேரம் போனது. பன்னிரண்டு இருபதுக்குப் பாங்கு சொன்னார்கள். தெருவில் இருந்த ஆண்கள் எல்லாரும், என் தம்பி உட்பட, ஜும்ஆத் தொழுகைக்குப் பள்ளிவாசலில்.

பன்னிரண்டு முப்பத்தெட்டு. பின்பக்கம் பலகை பிளக்கும் சத்தம். கூச்சல். இரும்பு நொறுங்கும் சத்தம். "என் மிசினு..." என்று முத்தையா முனகியது கேட்டது. நான் முக்காட்டை முகம் மறைய இழுத்துக்கொண்டு திரையை விலக்கினேன். லெட்சுமியின் கையைப் பிடித்து உள்ளே இழுத்தேன். மதினி இம்முறை விலகி நின்றார். முத்தையா வாசற்படியில் தயங்கினார்.

"டீச்சரம்மா, நான் வெளியவே நிக்கிறேன். ஒங்க முறை கெட்டுப்போயிரும்."

சகோதரிகளே, யோசித்துப் பாருங்கள்! உயிர் போகப்போகும் நேரத்தில் அந்த மனிதர் என் இத்தாவை நினைத்துக் கவலைப்படுகிறார். எழுபது நாளாக நான் ஓர் அந்நிய ஆணிடம் பேசியதில்லை. "அலுமாரிக்குப் பின்னால போய் உட்காருங்க" என்றேன். போய் உட்கார்ந்தார். நான் அறைக் கதவைச் சாத்தினேன்.

முன்கதவை உதைத்தார்கள். மதினி திறந்தார். ஏழெட்டுப் பேராவது இருக்க வேண்டும். பேச்செல்லாம் சிங்களத்தில்.

"தையல்காரன் எங்க? பொண்டாட்டியக் கூட்டிக்கிட்டு இந்தப் பக்கம்தான் வந்தான்."

"ஆம்பளைங்க எல்லாம் பள்ளியில. வீட்டுல நானும், புருசன் செத்து இத்தா இருக்கிற என் தம்பி பொண்டாட்டியும்தான்."

ஒருவன் உள்ளே வந்தான். அவனுடைய செருப்புச் சத்தம் மேசையருகில் நின்றது. அப்போதுதான் எனக்குத் தலையில் இடி விழுந்தது. தேத்தண்ணி! மேசைமேல் இரண்டு கிளாஸ், பாதி குடித்தபடி! ஒவ்வொன்றையும் எண்ணி அடுக்கி வைக்கும் நான், ஒரு பாடத்திட்டத்தில் ஒரு நாள் பிசகாத நான், அதை மறந்துவிட்டேன். நோன்புப் பகலில் மேசையைத் துடைக்கும் பழக்கமே எங்களுக்கு இல்லை. அங்கே துடைக்க ஒன்றும் இருக்காதே.

"நோனா, நான் பத்து வருசம் முஸ்லிம் முதலாளிமார்ட லொறியில வேலை செஞ்சவன். நோன்பு எண்டா நீங்க எச்சிலும் விழுங்க மாட்டீங்க. ஆருக்கு இந்த ரெண்டு கிளாஸ்? இப்பத்தான் பாதி குடிச்சிருக்கு."

மதினி பேசவில்லை.

லெட்சுமி சேலைத் தலைப்பை வாய்க்குள் திணித்துக்கொண்டாள். முத்தையா எழுந்துவிட்டார். தன்னைக் கொடுத்து மனைவியைக் காப்பாற்றப் போகிறார் என்று விளங்கியது. நான் கதவுக்கு முதுகைக் கொடுத்துக் குறுக்கே நின்றேன். என் உதடு மட்டும் அசைந்தது. யா அல்லாஹ், ஜும்ஆ இப்போதே முடியட்டும். யா அல்லாஹ், பொலிஸ் ஜீப் வரட்டும். யா அல்லாஹ், மழையையாவது அனுப்பு. இப்படி நான் வரிசையாகக் கட்டளை போட்டுக்கொண்டிருந்தேன். ஒன்றும் நடக்கவில்லை. கடைசியில் எனக்குக் கேட்கவே தெரியவில்லை. "ரப்பே, உனக்குத் தெரிந்தபடி" என்று மட்டும் சொன்னேன். அதுதான் அந்த எழுபத்தொரு நாளில் நான் உண்மையாகக் கேட்ட முதல் துஆ.

அந்த நிமிடமே வெளியில் ஒரு சிரிப்புச் சத்தம். மதினி சிரிக்கிறார்! நான் அந்த வீட்டுக்கு மருமகளாக வந்து இருபத்தைந்து வருடம். அவர் சத்தம் போட்டுச் சிரித்து நான் கேட்டதே இல்லை.

"பிடிச்சிட்டியே மல்லி! எனக்குத்தான். வேற ஆருக்கு?" மல்லி என்றால் சிங்களத்தில் தம்பி.

கிளாஸை எடுக்கும் சத்தம். மடக் மடக்கென்று விழுங்கும் சத்தம். பிறகு பாணைக் கடித்து மெல்லும் சத்தம். வாயில் உணவோடுதான் அடுத்த பேச்சு.

"வயித்துப் புண் மல்லி. டாக்டர் நோன்பு பிடிக்க வேணாமெண்டிட்டார். ஊருக்குத் தெரிஞ்சா எனக்கு மரியாதை மிஞ்சுமா? ஆம்பளைங்க பள்ளிக்குப் போற நேரம் பாத்துத்தான் குடிக்கிறது. கும்புட்டுக் கேக்கிறேன், இந்தத் தெருவுல ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதீங்க!"

"அதுக்கு ரெண்டு கிளாஸா நோனா?"

"ஒண்டு போதுமெண்டா நான் ஏன் ஒளிச்சுக் குடிக்கிறேன்?" என்றபடி இரண்டாவதையும் குடித்தார்.

வெளியில் நின்றவர்கள் கொல்லென்று சிரித்தார்கள். "கள்ள நோன்பு நோனா!" என்று ஒருவன் கத்தினான். சிறுவயது முதல் வேண்டுமென்று ஒரு நோன்பை விடாத பெண் அவர். முன்பின் தெரியாத ஆண்களுக்கு முன்னால் நின்று அந்தப் பட்டத்தை வாங்கிக்கொண்டார்.

பிறகு அந்த அறை என்ன என்று ஒருவன் கேட்டான். அவன் கேட்டது நான் முதுகு கொடுத்து நின்ற கதவைப் பற்றித்தான். ஒரு கை அதைத் தொட்டதை உணர்ந்தேன்.

"சொன்னேனே, இத்தா அறை. எழுபத்தொரு நாளா, செத்துப்போன என் தம்பியே எழும்பி வந்தாலும் பாக்கேலாத மாதிரி இருக்கிறவ. தொறக்கிறதெண்டா தொற. உன் அம்மா வெள்ளை உடுத்துக்கிட்டு அழுற நாளையில நான் பத்துப் பேரோட வந்து கதவ உதைப்பேன், அப்ப ஒண்டும் பேசாத."

அந்த லொறிக்காரன்தான் சொன்னான்: "டேய், அது வேணாம். அது இவங்கட பெரிய முறை. பள்ளி விடப்போற நேரம். வா போவோம்."

பன்னிரண்டு ஐம்பத்திரண்டு. போய்விட்டார்கள். அல்ஹம்துலில்லாஹ்! அல்ஹம்துலில்லாஹ்! நான் தரையில் ஸுஜூதில் விழுந்தேன். எழும்பும்போது கதவு திறந்து திரை விலகியது. மதினி முகம் வெளுத்து நின்றார். நேராக லெட்சுமியைப் பார்த்துச் சொன்னார்:

"என்ன புள்ள பாக்கிற? ஒன்ட தேத்தண்ணிய நான் குடிச்சிட்டேன். இரு, வேற ஊத்தித் தாரேன்."

லெட்சுமி அவர் காலைக் கட்டிக்கொண்டு அழுதாள். "எழும்பு எழும்பு, காலப் பிடிக்கிறது எங்களுக்கு ஆகாது" என்று அதட்டிக்கொண்டே மதினியும் அழுதார்.

ஒன்று பத்துக்குத் தம்பி வந்தான். அவன் முத்தையாவை எங்கள் கடையின் பின்கட்டில், மிளகுச் சாக்குகளுக்கு நடுவில் மறைத்து வைத்தான். லெட்சுமி என் அறையிலேயே பதினொரு நாள் இருந்தாள். வெள்ளை உடுத்த நானும், நிறைமாதத்தை நோக்கிப் போகும் அவளும், ஒரே பாயில். கணவரின் மௌத்துக்குப் பிறகு இரவில் நான் தூங்கியது அந்தப் பதினொரு நாளும்தான். பிள்ளை வயிற்றில் உதைக்கும்போதெல்லாம் என் கையை எடுத்து அங்கே வைப்பாள். என்னை எதற்கு வைத்திருக்கிறாய் என்று கேட்டேனே, என் உள்ளங்கைக்கு அடியில் பதில் துள்ளியது.

மதினிக்கு மட்டும் ஒரு கலக்கம். அன்று பொழுது சாயும் மஃரிப் வரை ஒரு சொட்டுத் தண்ணீரும் தொடவில்லை. மறுநாள் மார்க்கச் சட்டம் தெரிந்த ஆலிமை அழைத்துத் திரைக்கு வெளியே உட்காரவைத்து நடந்ததைச் சொன்னோம். என் இத்தா முறிந்ததா? அவருடைய நோன்புக்கு என்ன பரிகாரம்? ஆலிம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"டீச்சருடைய இத்தா இத்தாதான். அதில் ஒரு குறையும் இல்ல. ராத்தா, நீங்க உயிரைக் காப்பாத்தத்தானே முறிச்சீங்க. பெருநாள் கழிஞ்சு, அதுக்குப் பதிலா ஒரு நோன்பு கழாப் பிடிச்சாப் போதும்."

"ஒண்டு போதுமா? நான் ரெண்டு கிளாஸ் குடிச்சேனே" என்றார் மதினி.

ஆலிம் சிரித்துவிட்டார். மதினி சிரிக்கவில்லை. இரண்டு நோன்பு பிடித்தார்.

அவர்கள் இருவரையும் அகதிகள் தங்கியிருந்த பாடசாலைக்குத் தம்பியே கொண்டுபோய் விட்டான். அங்கிருந்து பஸ்ஸில் வவுனியாவுக்குப் போனார்கள். வீடும் மிசினும் போனது போனதுதான். அதை நான் மறைக்கவில்லை. எல்லாரும் தப்பவும் இல்லை. எங்கள் தெருவுக்கு அப்பால் தட்டிய கதவுகள் திறக்காமல் போனவர்களும் உண்டு. அவர்களுக்காக இன்றும் அழுகிறேன்.

நான் மாறிவிட்டேன். இப்போது ஒரு பெண் இத்தா இருக்கிறாள் என்று கேள்விப்பட்டால் ஓய்வு நாளில் போய் அவளோடு உட்காருகிறேன். கர்ப்பிணி யாராவது வாசலில் தயங்கினால் நானே கைபிடித்து உள்ளே அழைக்கிறேன். மதினி பார்த்தும் பார்க்காதது போல் இருப்பார். என் துஆவும் மாறிவிட்டது. முன்பு அல்லாஹ்வுக்கு வழி சொல்லிக்கொடுத்தேன். இப்போது தேவையை மட்டும் சொல்கிறேன். நான் கேட்ட மழையும் ஜீப்பும் வரவில்லை. கடைசி நிமிடம் வரை வழிவிட மறுத்த ஒரு பெண்ணின் வாயிலிருந்து அவன் உதவியை அனுப்பினான்.

போன கிழமை லெட்சுமியின் கடிதம் வந்தது. "டீச்சரம்மா, அவரு வேற மிசினு ஒண்ணு வாடகைக்கு எடுத்திருக்காரு. மக எங்கயும் ஒரு இடத்துல நிக்கிறதில்ல. சாத்துன கதவக் கண்டா ரெண்டு கையாலயும் தட்டுறா, யாராச்சும் தொறக்குற மட்டும் விடமாட்டேங்கிறா" என்று எழுதியிருக்கிறாள். மதினி அதை மூன்று முறை படிக்கச் சொல்லிக் கேட்டார்.

சகோதரிகளே, உங்கள் துஆவுக்குப் பதில் வரவில்லை என்று சோர்ந்து போயிருக்கிறீர்களா? விடாதீர்கள். அவன் கேட்டுக்கொண்டிருக்கிறான். உங்கள் கதவை யாராவது அறைந்தால் முறைகளைப் பிறகு ஆலிமிடம் கேட்டுக்கொள்ளலாம். முதலில் எழுந்து தாழ்ப்பாளைத் திறவுங்கள். மற்றதை அவன் பார்த்துக்கொள்வான். பார்த்துக்கொண்டான். நான் சாட்சி.