நிலைப்படிக்கு மேலே ஒரு சொம்பு

கானாடுகாத்தானில் பூட்டிக் கிடந்த பெரிய வீடு ஒன்றுக்குக் கோட்டைச்சாமி காவல். கலியாணமாகும் மகன்களுக்கு ஆளுக்கோர் அறை ஒதுக்குவது செட்டியார் வீட்டு வழக்கம். அந்த வீடோ, காவல்காரன் வாழாமல் விட்ட வாழ்க்கைக்கும் ஓர் அறை ஒதுக்கியிருந்தது.

அறுபத்து நாலாம் வருடம் அழகி என்பவளைப் பெண் கேட்கப் போனவன், கூச்சப்பட்டுப் பாதி வழியில் திரும்பிவிட்டான். கேட்டிருந்தால் நடந்திருக்கும் வாழ்க்கை அந்த அறைக்குள் நடந்துகொண்டிருந்தது. தினமும் கதவைத் திறந்து பார்ப்பான். அவள் சோறு வடிப்பாள். அங்கிருக்கும் இன்னொரு கோட்டைச்சாமியோடு சண்டை போடுவாள். அவர்கள் கண்ணுக்கு இவன் தெரியமாட்டான்.

எழுபத்திரண்டில் அந்தப் பக்கத்துக் கோட்டைச்சாமி காய்ச்சலில் செத்துப்போனான். அடுத்த மாதம் அழகி நிமிர்ந்து இவனைப் பார்த்தாள். சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து நிலைப்படிக்கு மேலே நீட்டினாள்.

"அங்குட்டே நிக்கிறீகளே. குடிங்க."

நிலைப்படிக்கு மேலே எதையும் கைமாற்றக் கூடாது என்பார்கள். ஏன் என்று எவனும் கேட்டதில்லை. கைமாறினால் இரண்டு பக்கத்து வாழ்க்கையும் ஒன்றாகிவிடும், அதனால்தான். இந்த ஊர் காரணத்தைத் தொலைத்துவிட்டு விதியை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டது.

"நிலையில வாங்கக் கூடாதுத்தா," என்றான் கோட்டைச்சாமி. "கீழ வையி."

அவளும் நல்ல வளர்ப்பு. "மறந்துட்டேன்," என்று சொம்பைக் கீழே வைத்துவிட்டு உள்ளே போனாள். மறுநாள் திறந்தபோது அந்த அறையில் தூசி படிந்த அண்டாக்கள்தான் இருந்தன.

காரணம் பின்னால் வெளியூர்க்காரர் யாரோ சொல்லித்தான் அவனுக்குத் தெரிந்தது. இப்போது தண்ணீர் கேட்டு யார் வந்தாலும் நிலைப்படிக்கு மேலேயே நீட்டுகிறான். நாம் வாங்கிய பிறகும் அவன் விரல்கள் சொம்பை விடுவதில்லை.