யாரும் திறக்காத கொட்டகைகள்

தேடலை நிறுத்திய மறுநாள் சிஸுரு வீடு வீடாக மன்னிப்புக் கேட்கப் போனாள். காணாமல் போனது அவள் மகள். மன்னிப்புக் கேட்க வேண்டியவளும் அவள்தான். தேட வந்தவர்களுக்குத் தொந்தரவு கொடுத்துவிட்டோமே என்று இனிப்புப் பெட்டியோடு போய்க் குனிந்து வருவது அந்தச் சின்னத் துறைமுக ஊரின் வழக்கம். குழந்தை கிடைத்திருந்தாலும் போக வேண்டும், கிடைக்காவிட்டாலும் போக வேண்டும்.

பள்ளிப் படிப்பு முடிந்ததிலிருந்து கணவாய் மீன் காயவைக்கும் கூடத்தில்தான் அவளுக்கு வேலை. அவளுக்குக் குரல் என்று ஒன்று இருக்கிறதா என்று கூட வேலை செய்பவர்கள் கேலி செய்வார்கள். கணவன் தூரக் கடலில், மீன்பிடிக் கப்பலில் இருந்தான். மகள் காணாமல் போன அன்று மாலை தூறல் விழ, காயப்போட்ட துணியை உள்ளே வைத்துவிட்டு வெளியே வந்தாள். சந்தில் விளையாடிக்கொண்டிருந்த நான்கு வயது நாவோவைக் காணவில்லை.

மன்னிப்புக் கேட்கக் கூட வந்த நாத்தனார் கிகுயே வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தாள்.

"மூஞ்சியை இப்படி வச்சுக்காதே. பாக்கறவங்களுக்குச் சங்கடமா இருக்கும்ல?"

"என் புள்ளையைக் காணோம், அண்ணி."

"தெரியும்மா. அதுக்காக? நாளைக்கும் நாம இங்கேதானே குடியிருக்கணும்?"

முதல் வீட்டுக்காரி பெட்டியை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். "எங்க வீட்டுக்காரரு ஆத்துல எறங்கித் தேடிச் சளி புடிச்சுக்கிட்டாரு. குளிக்கவே எறங்காத மனுஷன்!" என்று சிரித்தவள் சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டாள். சிஸுரு குனிந்தாள். அடுத்த வீட்டிலும் குனிந்தாள். அதற்கடுத்த வீட்டிலும்.

தேடலை முன்னின்று நடத்தியவர் ஒனோதெரா, ஊர்த் தீயணைப்புக் குழுவின் தலைவர். வாசலுக்கு வந்து நின்று விவரமாகச் சொன்னார். "மலைக்கோயில் வரைக்கும் போனோம்மா. ஆத்துல கழி விட்டுப் பாத்தோம். கடல்ல படகு விட்டோம். நாங்க பாக்காத எடமே இல்லை."

குனிந்த சிஸுரு நிமிர்ந்தபோது அவருடைய முற்றத்துக்கு அப்பால் ஒரு கொட்டகை தெரிந்தது. கதவில் பூட்டு. அதற்கு அப்பால் பக்கத்து வீட்டுக் கொட்டகை. அதிலும் பூட்டு.

"அந்தக் கொட்டகையில பாத்தீங்களா?"

"எதுல?"

"உங்க கொட்டகையில."

ஒனோதெரா சிரித்தார். "அது எங்களோடதும்மா."

"பக்கத்து வீட்டுல?"

"அவங்களை எப்படித் திறக்கச் சொல்றது? சந்தேகப்படற மாதிரி ஆயிடாதா? போலீஸ்காரரே வாசல்ல நின்னுதான் கேட்டாரு, இல்லைன்னோம், போயிட்டாரு. எங்களை அவருக்குத் தெரியாதா?"

மலையைப் புரட்டியவர்கள், ஆற்றைக் கலக்கியவர்கள், ஒருவர் கூட அடுத்தவர் வீட்டுக் கதவைத் தட்டவில்லை. தட்டினால் மரியாதைக் குறைவு. பூட்டிய அந்தக் கதவுகளுக்கு வெளியேதான் இத்தனை நாளும் அவள் தன் மகள் பெயரைக் கூவிக்கொண்டு ஊரைச் சுற்றியிருந்தாள். கிகுயே அவள் பிடரியில் கைவைத்து அழுத்தினாள். "குனி. குனின்னு சொல்றேன்ல!"

ஒனோதெராவின் கைகள் பெட்டிக்காக நீண்டிருந்தன. சிஸுரு பெட்டியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"திறங்க."

"என்னையா சந்தேகப்படறே?"

"ஆமா. உங்களைத்தான். பக்கத்து வீட்டையும். எல்லாரையும்."

"ஐயோ, புள்ளையைத் தொலைச்ச துக்கத்துல உளர்றாங்க, பெரியவரே!" என்று கிகுயே தரையில் மண்டியிட்டாள்.

"நான் உளறலை, அண்ணி. எந்திரிங்க."

அவர் முகம் சிவக்க உள்ளே போய்ச் சாவியோடு வந்தார். கதவை அறைந்து திறந்தார். ஊறுகாய்ப் பீப்பாய்கள், கிழிந்த வலைகள், திருவிழா விளக்குகள். சிஸுரு ஒவ்வொரு பீப்பாயாக நகர்த்திப் பார்த்தாள்.

"பாத்தாச்சா? இப்போ திருப்திதானே?"

"இல்லை. அன்னிக்கு ராத்திரியே திறந்திருந்தா இன்னிக்கு நான் கேட்டிருக்க மாட்டேன்."

அடுத்த வீட்டுக்கு நடந்தாள். அவளுக்கு முன்பே செய்தி போய்ச் சேர்ந்திருந்தது. சிலர் பல்லைக் கடித்துக்கொண்டு திறந்தார்கள். சிலர் வீட்டுக்குள் இருந்துகொண்டே இல்லை என்று சொல்லச் சொன்னார்கள். கிகுயே பாதி வழியிலேயே திரும்பிப் போய்விட்டாள்.

நாவோ கிடைக்கவில்லை. வருடங்கள் போய், சிஸுருவுக்கு இப்போது வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. இன்னும் அதே கூடத்தில்தான் கணவாய் காயவைக்கிறாள். அவள் குரலைப் பற்றி இப்போது யாரும் கேலி செய்வதில்லை. கொட்டகையைத் திறந்து காட்டியவர்கள் அவளை இன்னும் மன்னிக்கவில்லை. திறக்காதவர்களை ஊர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதனால் அவள்தான் கேட்கிறாள். கடையில் அவர்களில் ஒருவர் எதிர்ப்பட்டு, இன்று குளிர் அதிகம் என்று பேச்சைத் தொடங்கினால், முடிக்கும் வரை கூட அவள் காத்திருப்பதில்லை.

"ஆமா, குளிருதான். உங்க கொட்டகையை எப்போ திறக்கப் போறீங்க?"