அத்தான் பயிற்சியாளராக வந்த கோடை

லண்டனில எங்கட கல்லூரிப் பழைய மாணவர் உதைபந்தாட்ட அணிக்கு எழுதாத சட்டம் ஒண்டு இருந்தது. மூத்த வகுப்புக்காரரை ஒருத்தரும் மைதானத்தை விட்டு வெளியில கூப்பிடக் கூடாது. அவராகக் களைச்சு வந்தால்தான் இளையவன் உள்ளுக்குப் போகலாம். அண்ணைமார் லேசில வருவினமே? தொந்தியும் தொப்பையுமாகக் கடைசி விசில் மட்டும் நிப்பினம். வருசாவருசம் கோப்பைப் போட்டியில முதல் சுற்றிலேயே தோத்துப்போய் வீட்டை வருவம்.

அந்த வருசம் பயிற்சியாளராக வந்தவர் என்ர அத்தான், அக்காவின்ர புருசன். அவர் படிச்சது எங்கட பரம எதிரிக் கல்லூரியில. கிங்ஸ்பரி பார்க்கில முதல் நாள் வந்து நிக்க, உளவு பாக்க வந்திருக்கிறார் எண்டு ஆக்கள் பகிடி விட்டினம். அவர் ஒண்டையும் காதில போடேல்லை. இடைவேளையில மட்டன் ரோல் சாப்பிடக் கூடாது எண்டார். அதுக்கே ரெண்டு பேர் கோவிச்சுக்கொண்டு போயிட்டினம். நல்லகாலம், அவை இருந்தும் பெரிய பிரயோசனமில்லை. பிறகு மூத்த ஆக்களை ஒவ்வொருத்தராக, மரியாதையாகத்தான், வெளியில கூப்பிடத் தொடங்கினார். முணுமுணுப்புக்குக் குறைவில்லை. ஆனா நாங்கள் வெல்லத் தொடங்கினம்.

என்ன சந்தோசமான கோடை அது! நைட் ஷிப்ட் முடிச்சு நித்திரை கொள்ளாமல் வாறவனும், கடையை மனிசியிட்டை விட்டிட்டு வாறவனும் ஒண்டாக ஓடுவம். ஞாயிற்றுக்கிழமை காலமை எண்டால் எனக்குத் திரும்பவும் இருபது வயசு. இண்டைக்கும் பஸ் அந்தப் பார்க்கைத் தாண்டேக்க போனை வைச்சிட்டு வெளியில பாப்பன்.

அத்தான் கை வைக்காத ஆள் ஒராள்தான். எங்கட கப்டன், என்ர சொந்த அண்ணை. அவருக்கு முழங்கால் ஏலாது. எண்டாலும் மனிசியின்ர தமையனை எல்லாருக்கும் முன்னால எப்படி வெளியில எடுக்கிறது?

இறுதியாட்டம் அத்தானின்ர கல்லூரியோடையே வந்து வாய்ச்சுது. ஒண்டுக்கு ஒண்டு. கடைசிப் பத்து நிமிசம் அண்ணை நொண்டத் தொடங்கிட்டார். அவங்களும் அண்ணையின்ர பக்கத்தாலயே திரும்பத் திரும்ப வந்தாங்கள். தன்ர கல்லூரிக்கு விட்டுக்குடுக்கிறார் எண்டு எங்கட ஆக்கள் அத்தானுக்குக் கேக்கக் கதைச்சினம். அந்தக் கதையைக் கேக்க எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. அத்தான் அண்ணையைக் கூப்பிடக் கையைத் தூக்குவார், திருப்பி இறக்குவார். அதுக்குள்ள அண்ணையைத் தாண்டி வந்த பந்து எங்கட வலைக்குள்ள போயிட்டுது. அதுக்குப் பிறகுதான், "மச்சான், விளையாடினது காணும், வாங்கோ" எண்டு கூப்பிட்டார்.

தோத்திட்டம். ரெண்டு பேரும் சண்டை பிடிக்கப்போகினம், அக்காதான் பாவம் எண்டு பயந்து ஓடிப்போனன். அண்ணை புல்லில காலை நீட்டிக்கொண்டு இருந்தார். அத்தான் பக்கத்தில குந்தி முழங்காலில ஐஸ் பையை வைச்சு அமத்திக்கொண்டிருந்தார்.

"எப்ப கூப்பிடுவீர் எண்டு உம்மைத்தான் பாத்துக்கொண்டு நிண்டனான்," எண்டார் அண்ணை. "கப்டனாக இருந்துகொண்டு நானாக எப்படி வாறது?"

"நீங்களாக வருவியள் எண்டு நான் பாத்துக்கொண்டு நிண்டனான்."

இந்தப் பாழாய்ப்போன மரியாதையால கோப்பை போச்சுது எண்டு எனக்கு அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. அங்காலை அத்தானோட படிச்ச பெடியள் கோப்பையைத் தூக்கிக்கொண்டு, படம் எடுக்க வரச்சொல்லி அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாங்கள். அவர் திரும்பியும் பாக்கேல்லை. அண்ணையின்ர முழங்காலில வைச்ச கையை எடுக்கவும் இல்லை.