பதினொன்றுக்குப் பக்கத்தில் நின்றவள்

என் மருமகள் கதை எழுதுவாள். செல்போனில் எழுதிப் போட்டால் எங்கெங்கோ இருப்பவர்கள் படிக்கிறார்களாம். அதற்கு முன்னால் ஒரு நோட்டில் கிறுக்கி வைப்பாள். அவள் தண்ணீர் பிடிக்கப் போகும்போது நான் அதை எடுத்துப் படிப்பேன். ஐந்தாவது வரைதான் படித்தவள் நான். எழுத்துக் கூட்டி ஒரு பக்கம் முடிப்பதற்குள் குடத்தோடு வந்துவிடுவாள். கேட்டிருந்தால் அவளே படித்துக் காட்டியிருப்பாள். கேட்க வெட்கம்.

அவள் கதையில் தண்ணீருக்கு அடியில் ஒரு நாடு. அங்கே மந்திரத்தை வாயால் சொல்வதில்லை, எண்ணாக எழுதுகிறார்கள். நாலு என்று எழுதினால் கதவு திறக்கும், ஏழு என்றால் காயம் ஆறும். எல்லாவற்றிலும் பெரியது பதினொன்று. நெருக்கமாக நிற்கும் இரண்டு கோடு, அவற்றின் மேல் அலை மாதிரி ஒரு வளைவு. முதல் கோடு கேட்கிறவர். இரண்டாவது, அவர் பக்கத்தில் நிற்கிறவர். உள்ளங்கையில் எழுதிக்கொண்டு கேட்டால் கேட்டது கிடைக்கும். ஆனால் பக்கத்தில் நிற்பவரிடமிருந்து எடுத்துத்தான் கொடுக்கும். இதையெல்லாம் தெளிவாகவே படித்தேன். தெரியாமல் செய்தேன் என்று சொல்ல எனக்கு வழியில்லை.

எங்கள் ஊரில், ஏரியில் யார் எந்த இடத்தில் வலை கட்டுவது என்பதைச் சீட்டுக் குலுக்கி முடிவு செய்வார்கள். பாடு என்போம். கடல் ஏரிக்குள் வரும் முகத்துவாரத்துப் பக்கம் விழுந்தால் இறால் ஏறும். சேற்றுப் பக்கம் விழுந்தால் வலை நிறையப் பாசிதான். என் மகனுக்குப் போன இரண்டு தடவையும் சேறு.

"இந்த வாட்டியும் அங்கதான்னா நான் மெட்ராஸ் போயிடுவேம்மா, கம்பெனி வேலைக்கு" என்றான். அவன் சொன்னால் செய்கிறவன்.

குலுக்கல் அன்று காலை மருமகளின் பேனாவை எடுத்து இடது கையில் அந்தப் பதினொன்றை எழுதினேன். ஒரு கோடு சாய்ந்துவிட்டது.

குலுக்குவது ஆண்கள் காரியம். பெண்கள் நாங்கள் வலை உலர்த்தும் இடத்தில் தள்ளி நின்று பார்ப்போம். யார் பக்கத்தில் நிற்பது என்று முன்பே யோசித்து வைத்திருந்தேன். என் வீட்டுக் கதையை ஊரெல்லாம் சொல்லித் திரிகிற ஒருத்தி உண்டு. அவளை ஒட்டிப் போய் நின்றேன். குழந்தை அழுகிறது என்று யாரோ கூப்பிட, அவள் போய்விட்டாள். அந்த இடத்தில் வந்து நின்றவள் என் சிநேகிதி. நாற்பது வருடமாக என்னோடு பொன்னேரி பஸ்ஸில் மீன்கூடை ஏற்றுகிறவள். அன்று அவள் மகனும் சீட்டு எடுக்க இருந்தான்.

"இன்னாமே, கையை இறுக்கி மூடிக்கினு நிக்கிற? மிட்டாய் வச்சிக்கிறியா?"

"ஒண்ணுமில்ல."

"எனக்கும் ரெண்டு குடேன்."

இரண்டடி நகர்ந்திருக்கலாம். கையைச் சேலையில் துடைத்திருக்கலாம். என் மகனைக் கூப்பிட்டார்கள். நான் நகராமல் நின்று, மனசுக்குள் முகத்துவாரத்தைக் கேட்டேன்.

என் மகனுக்கு முகத்துவாரம். அவள் மகனுக்குச் சேறு.

"உன் புள்ளைக்காவது வந்திச்சே" என்று அவள் என் தோளைத் தட்டினாள். உண்மையான சந்தோஷத்தோடுதான் தட்டினாள். அந்தக் கையின் கனம் இன்னும் என் தோளில் இருக்கிறது.

இரண்டு மாதத்தில் அவள் மகன் எண்ணூர்ப் பக்கம் சரக்கு ஏற்றுகிற வேலைக்குப் போய்விட்டான். அவனுடைய வலை வீட்டு வாசலில் சுருட்டிக் கிடந்தது. அதைத் தாண்டித்தான் நான் தினமும் போக வேண்டும்.

கோடு போட்டதால் சேறு விழுந்தது என்று இப்போது நம்பவில்லை. அடுப்பு ஊதிக்கொண்டே என் மருமகள் யோசித்த எண் அது, அவ்வளவுதான். ஆனால் கேட்டது நான்.

ஒரு நாள் பஸ்ஸுக்காக நிற்கும்போது என் சிநேகிதியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தரையைப் பார்த்துக்கொண்டுதான் சொல்ல முடிந்தது. அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"உம் மருமவ கிறுக்குனதைப் பாத்து ஏரி பயந்துடுச்சாமே? நல்ல கதைடி. அவளாண்ட சொல்லி எனக்கும் ஒரு நம்பர் வாங்கிக் குடு, முட்டி வலிக்கு."

நானும் சிரித்திருக்கலாம். முடியவில்லை. அவள் என் முகத்தைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது.

"நான் வந்து பக்கத்துல நின்னப்போ, எங்கிட்டேர்ந்துதான் போவும்னு தெரியுமா உனக்கு?"

"தெரியும்."

"அப்போ அதை நம்புனியா?"

"அப்போ நம்புனேன்."

பஸ் வந்தது. ஒருவர் கூடையை ஒருவர் தலைக்குத் தூக்கிவிடுவது எங்கள் வழக்கம். அதற்குச் சொல்லிக்கொள்ளக்கூட மாட்டோம். நான் குனிந்து அவள் கூடையின் விளிம்பைப் பிடித்தேன். அவள் என் கையை மெல்ல விலக்கிவிட்டு, வலிக்கிற முட்டியை ஊன்றித் தானே தூக்கினாள். ஐஸ் தண்ணீர் அவள் கழுத்தில் வழிந்தது. பஸ்ஸில் ஏறிக்கொண்டாள்.

என் கூடை தரையிலேயே இருந்தது. சுற்றிலும் ஆட்கள் நின்றார்கள். தூக்கிவிடச் சொல்லி யாரையும் கூப்பிட எனக்கு வாய் வரவில்லை.