ஒரு பாட்டுக்கு மிச்சமிருந்த தொண்டை

அன்றைக்கு இருந்தவர்கள்: இங்கிலாந்துப் பாடகர், எழுபது வயது இருக்கும். அவரைக் கூட்டிவந்த நர்ஸம்மா, செஞ்சிக்காரர், இங்கிலாந்து ஆஸ்பத்திரியில் வேலை. நர்ஸம்மாவின் அண்ணன், கட்சிக்காரர். அண்ணனின் பேத்தி, காதுகுத்து அவளுக்குத்தான். மைக் செட் போட்ட நான். மற்றவர்கள் பிறகு வந்தார்கள்.

விடியற்காலையில் மண்டபத்தில் ஒயர் இழுத்துக்கொண்டிருந்தேன். நர்ஸம்மா பாடகர் கதையைச் சொன்னார். துறைமுகத்தில் மூட்டை தூக்கியவரின் மகன். நாலு கூட்டாளிகளோடு ராக் பாண்டு ஆரம்பித்தார்கள். முன்னால் நின்று பாடியவர் இவர். மைதானம் கொள்ளாத ஜனம் வந்ததாம். பிறகு கிடார்க்காரரோடு சண்டை. பல வருஷம் ஒரே மேடையில் நின்றார்கள், பேச்சு கிடையாது. குடி. வீடு போனது. சம்சாரம் மகளைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். மகள் இவர் கச்சேரி ஒன்றுக்கும் வந்ததில்லை.

இப்போது தொண்டையில் கட்டி. அடுத்த வாரம் ஆபரேஷன். அதற்கப்புறம் குரல் இருக்காது. அது தெரிந்ததும் மகள் முதல் தடவையாகக் கேட்டாளாம், எனக்கென்று ஒரு பாட்டு பாடிக் கொடு என்று. எழுதிவிட்டார். தனியாக உட்கார்ந்து பாடினால் வரவில்லை.

"ஆளுங்க முன்னால நின்னாதாண்ணா இவருக்குத் தொண்ட தொறக்குது. அங்க மேடை ஏறுனா பழைய பாட்டக் கேட்டு கத்துவாங்க. அதான் இங்க இட்டாந்தேன். ஒரு பாட்டுக்குத்தான் தாங்கும்னு டாக்டர் சொல்லிட்டாரு. நீங்க நல்லா ரெக்கார்டு பண்ணிக் குடுத்துடணும்."

சவுண்டு மிக்சரில் பென் டிரைவைச் செருகி வைத்தேன். பாடகர் வாயே திறக்கவில்லை. தண்ணீர்கூடக் கையைக் காட்டித்தான் கேட்டார். ஏர்போர்ட் போக பன்னிரண்டு மணிக்கு வேன்.

பத்து மணிக்குக் காது குத்தி முடிந்தது. குழந்தை அழுது ஓய்ந்தது. இவர் மைக் முன்னால் வந்து நின்றார்.

"இருங்க, இருங்க" என்று அண்ணன் ஓடிவந்தார். "அவ்ளோ தூரத்துலேர்ந்து வந்தவர சும்மா பாட வுட்டா மரியாத இல்ல. ஒரே ஒரு பொன்னாட."

போர்த்தினார். மைக்கை இவர் வாயருகே நீட்டினார். "தேங்க் யூ" என்றார் இவர்.

அதோடு விட்டிருக்கலாம். எதிர்க்கட்சிக்காரர் எழுந்து வந்தார். பின்னாலேயே வியாபாரிகள் சங்கம். ஆட்டோ ஸ்டாண்டு. அனந்தபுரத்துச் சம்பந்தி வகையறா. எங்கள் ஊரில் ஒருவர் பேரை மைக்கில் சொன்னால் எல்லார் பேரையும் சொல்ல வேண்டும். விட்டுப்போனவர் சாப்பிடாமல் எழுந்து போய்விடுவார். வந்தவர்களெல்லாம் மைக்கைத் தட்டினார்கள், ஊதினார்கள், பேசினார்கள், போர்த்தினார்கள். ஒவ்வொரு தடவையும் அண்ணன் மைக்கை நீட்டினார்.

"ரெண்டு வார்த்த சொல்லச் சொல்லும்மா."

"ண்ணா, அவரு பேசக்கூடாதுண்ணா."

"தேங்க்ஸ் சொன்னா தொண்ட தேஞ்சிடுமா? வந்தவங்க இன்னா நெனப்பாங்க?"

கீழே ஒருவர் பக்கத்து ஆளிடம், "யாருய்யா இவரு?" என்றார்.

"வெள்ளக்காரன் செஞ்சிக் கோட்டைய திருப்பிக் கேக்க வந்துருக்கான்."

"குடுத்துடுங்கப்பா. வர்ற சொந்தக்காரனுக்கெல்லாம் ஏறிக் காட்ற வேல மிச்சம்."

நான் மைக்கை அணைத்தேன். "கரண்டு போச்சு தலைவரே."

அண்ணன் தலைக்கு மேல் சுற்றுகிற ஃபேனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "யோவ் மைக் செட்டு, ஒன் வேலயப் பாரு."

போட்டுவிட்டேன். ஒவ்வொரு தேங்க் யூவுக்கும் குரல் கரகரத்துக்கொண்டே வந்தது. ஹெட்போனில் எனக்குக் கேட்டது. யாரிடம் சொல்ல?

வெளியே வேன் ஹாரன் அடித்தது. நர்ஸம்மா மேடையேறி அண்ணன் கையிலிருந்து மைக்கைப் பிடுங்கினார். "இனிமே எவனாச்சும் மேல ஏறுனா, நான் இந்த ஊருக்கே வரமாட்டேன்."

மண்டபம் அடங்கியது. இவர் பொன்னாடைகளைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு மைக்கை வாங்கிப் பாடினார்.

பாஷை எனக்குத் தெரியாது. முதல் அடி முழுசாக வந்தது. குழந்தைகூடத் திரும்பிப் பார்த்தது. இரண்டாவது அடி உடைந்தது. அப்புறம் காற்றுதான் வந்தது. உதடு மட்டும் அசைந்தது. மைக்கை மெதுவாக ஸ்டாண்டில் வைத்தார். பாட்டு முடிந்தது என்று நினைத்து ஜனம் கைதட்டியது. ஒருவர் பொன்னாடையோடு ஏறினார். இவர் குனிந்து வாங்கிக்கொண்டார். வாய் திறந்தார். சத்தம் இல்லை.

வேனில் ஏற்றிவிட்டு நர்ஸம்மா என்னிடம் வந்தார். "அவரு கொரல் எங்கெங்க இருக்குதோ அத்தினியும் வெட்டி எடுங்கண்ணா. மத்தவங்க கத்துனது வேணாம். அவருது ஒண்ணுகூட வுட்டுடாதீங்க."

வேன் நின்றுகொண்டிருக்க, லேப்டாப்பில் போட்டு வெட்டினேன். முழுக்கக் கேட்டுப் பார்த்துத்தான் கொடுத்தேன்.

பாட்டு, நாற்பது நொடி. தேங்க் யூ, இருபத்தேழு தடவை.